ஒழுங்கையால் போனவர்

கோப்பாய் தெற்கு,
20.02.1967

அன்புத் தங்கை பத்மாசினிக்கு,

சிவன் அருளால் நான் எழும்பி நடமாடுகிறேன். உன் மூட்டு நோவுக்கு அனுப்பிய எண்ணெய் முடிந்திருந்தால் எழுது. பரியாரியார் மறுபடி காய்ச்சித் தருவதாகச் சொன்னார்.

பேப்பரில் பார்த்திருப்பாய். பக்கத்து வளவுச் சிவசுப்பிரமணியத்தாரை வியாழக்கிழமை காலை பங்குக் கிணற்றடியில் வெட்டிப் போட்டார்கள். புகையிலைக்கு இறைக்கப் போன மனுசன். ஏழு மணிக்குப் பெண்சாதி செல்வநாயகி தேத்தண்ணி கொண்டு போனபோது கிடந்திருக்கிறார். அவள் குழறின சத்தத்துக்கு முதலில் ஓடியது நான். கண்டதை எழுத மனமில்லை.

மத்தியானமே ஏரம்புவைப் பிடித்துவிட்டார்கள். இறைப்பு முறைக்காக இரண்டு பேரும் தை மாதம் முழுக்கச் சண்டை பிடித்தது ஊருக்கே தெரியும். ஆனால் அன்று காலை அவனைக் கண்டவள் நான் ஒருத்திதான். ஆறரை இருக்கும். சாமிக்குச் செம்பரத்தம்பூ ஆய்ந்துகொண்டு வேலிக்கரையில் நின்றேன். கிணற்றுப் பக்கமிருந்து, வேலிக்கு அந்தப் பக்க ஒழுங்கையால் ஒருவன் வந்தான். கிடுகு வேலிக்கு மேலே தலையும் தோளும் மட்டும்தான் தெரியும் என்பது உனக்குத் தெரியும்தானே. நல்ல பனி. தலையில் துவாய் சுற்றியிருந்தான். ஆனாலும் இடத்தோளை இறக்கி நடக்கிற அந்த நடை வேறு ஆருக்கு இருக்கிறது? கிணற்றுத் துலாவால் விழுந்த நாளிலிருந்து அவனுக்கு அதுதான் நடை. முறுக்கி விடுகிற மீசை பனியில் நனைந்து தொங்கியது. நான் கூப்பிடவில்லை. அவனும் திரும்பவில்லை.

ஊர்க் காரியம் பார்க்கிற விதானையாரிடம் சொன்னேன். சொல்லாமல் எப்படி இருப்பது? எங்கள் தோட்டத்தில் பத்து வருடம் வேலை செய்தவன். அதுதான் நெஞ்சுக்குள் கிடக்கிறது.

குளிரில் முழுகாதே.

உன் அக்கா,
கனகாம்பிகை


வெள்ளவத்தை,
27.02.1967

அன்புள்ள அக்காவுக்கு,

எண்ணெய் இன்னும் அரைப்போத்தல் இருக்கிறது. நோவு படி ஏறும்போது மட்டும்தான். நீங்கள் அந்த இடத்துக்கு ஓடிப் போனதை நினைத்து இரண்டு நாள் எனக்கு நித்திரை சரியில்லை. இரவில் தனியாகப் படுக்காமல் ஆரையாவது துணைக்குக் கூப்பிடுங்கள்.

ஒன்று கேட்கிறேன், கோபிக்கக் கூடாது. பொலிசார் வந்து எழுதிக்கொண்டு போய்விட்டார்களா? இல்லையென்றால், கண்டதை மட்டும் சொல்லுங்கள். பனியில், வேலிக்கு மேலால், ஒரு தலையும் ஒரு தோளும். எவ்வளவு நேரம்? பத்து எண்ணும் அளவுக்கா, மூன்று எண்ணும் அளவுக்கா? "ஏரம்புவைப் போல ஒருவர்" என்று சொன்னால் அது பொய்யாகாது. பிறகு அதிலிருந்து என்ன முடிவு எடுப்பது என்பது அவர்கள் பாடு.

இருபது வருடமாகச் சரித்திரம் படிப்பித்து எனக்கு வந்த வியாதி இது. நேரில் கண்டவர்கள் எழுதி வைத்ததைத்தான் நான் ஆகக் கூடுதலாகச் சந்தேகப்படுகிறேன்.

அன்புடன்,
பத்மாசினி


கோப்பாய் தெற்கு,
14.03.1967

அன்புத் தங்கைக்கு,

நான் சுகம். இரவில் செல்வநாயகி வந்து படுக்கிறாள். எனக்குத் துணையா அவளுக்குத் துணையா என்று தெரியவில்லை. எங்கள் இரண்டு வளவுக்கும் நடுவில் வேலியில் ஒரு பொட்டு வைத்திருக்கிறோமே, அதால் குனிந்து வருவாள். வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு இருப்பாள். "நீங்கள் கண்டபடியால்தான் அக்கா, இல்லாட்டி அவன் தப்பியிருப்பான்" என்று ஒரு நாள் சொன்னாள்.

உன் கடிதம் கிடைக்க முதலே இன்ஸ்பெக்டர் வந்துவிட்டார். நடந்து அஞ்சாம் நாள். மோட்டார் சைக்கிளை உள்ளே கொண்டுவந்து விட்டு விறாந்தையில் இருந்தார். தேத்தண்ணி குடித்தார். "நீங்கள் கண்டது ஏரம்புவைத்தானேயம்மா?" என்றார். ஓம் என்றேன். அதை எழுதினார். முகம் தெரிந்ததா என்றார். தெரிந்தது என்றேன். கையெழுத்து வைக்கச் சொன்னார். வேலிக்கரையைக் காட்டவா என்று கேட்டேன். வேண்டாம், தான் ஒழுங்கையால்தான் வந்தது என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

"போல" என்று சொல்லச் சொல்கிறாய். பத்து வருடம் என் படலையைத் திறந்து வந்தவனை நான் "போல" என்று சொல்வதா? நீ பல்கலைக்கழகத்தில் படித்தவள். எனக்குக் கண் இருக்கிறது.

வெங்காயம் இந்த முறை நல்ல விளைச்சல். ஆரும் கொழும்புக்கு வந்தால் கொடுத்துவிடுகிறேன்.

கனகாம்பிகை


கோப்பாய் தெற்கு,
25.10.1967

அன்புத் தங்கைக்கு,

இவ்வளவு நாளும் எழுதாததற்கு வேறு காரணமில்லை, கோட்டு வழக்கு முடியட்டும் என்று இருந்தேன். சுகமாக இருக்கிறாயா? உன் பள்ளிக்கூடச் சோதனை முடிந்திருக்கும்.

முடிந்துவிட்டது. நான் சாட்சிக் கூண்டில் அரை மணித்தியாலம் நின்றேன். அவனுக்கு அரசாங்கம் வைத்துக் கொடுத்த அப்புக்காத்து சின்ன வயதுக்காரர். பனி என்றார், கண் தெரியுமா என்றார். சுவரில் இருந்த மணிக்கூட்டைப் பார்த்து நேரத்தைச் சொன்னேன். எல்லாரும் சிரித்தார்கள். அவர் கதிரையில் இருந்துவிட்டார். ஏரம்பு வீட்டைவிட்டு வெளிக்கிடவே இல்லை என்று பெண்சாதி இராசாத்தி சொன்னாள். பெண்சாதி அப்படித்தானே சொல்லுவாள்.

யூரிமார் ஏழு பேரில் ஆறு பேர் குற்றவாளி என்றார்கள். தீர்ப்புச் சொல்லும்போது எல்லாரையும் எழும்பச் சொல்லி, மேலே சுற்றிய விசிறியையும் நிறுத்தினார்கள். அவன் கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, அந்த விசிறி மெல்ல மெல்ல நிற்பதைப் பார்த்துக்கொண்டு நின்றான். தூக்கு.

அப்பீல் எடுக்கப் போகிறார்களாம். கொழும்பில்தானாம் விசாரணை.

அன்றைக்கு வீட்டுக்கு வந்து முழுகினேன். சாப்பிடவில்லை. வேறு புதினமில்லை.

கனகாம்பிகை


வெள்ளவத்தை,
04.12.1967

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கு மழை. நோவு கொஞ்சம் கூட. உங்கள் தலைச்சுற்று எப்படி? இரத்த அழுத்தத்தைப் பார்க்கச் சொல்லி முன்னும் எழுதினேன்.

உங்கள் கடிதத்துக்குப் பதில் எழுதப் பிந்திவிட்டது. எழுதத் தொடங்கி இரண்டு முறை கிழித்தேன்.

ஒரு சின்ன விஷயம் கேட்க வேண்டும். போன மாசியில், அந்த வியாழக்கிழமைக்கு முதல் வந்த நாட்களில், நீங்கள் ஏரம்புவை எங்காவது கண்டீர்களா? கிட்டத்தில், பகலில்? கண்டிருந்தால் அவன் மீசை வைத்திருந்தானா?

ஏன் கேட்கிறேன் என்று இப்போது கேட்க வேண்டாம். நினைவில் உள்ளதை மட்டும் எழுதுங்கள்.

அன்புடன்,
பத்மாசினி


கோப்பாய் தெற்கு,
20.12.1967

அன்புத் தங்கைக்கு,

திருவெம்பாவை தொடங்கிவிட்டது. விடிய எழும்பிக் கோயிலுக்குப் போய் வருகிறேன், அதனால் உடம்பு பிழையில்லை. பசு சிவப்பி நாகு கன்று போட்டிருக்கிறது. கடும்புப் பால் காய்ச்சும்போது உன்னை நினைத்தேன். ஒடியலும் பயற்றம் பணியாரமும் ஒரு ரின்னில் போட்டு, அளவெட்டித் தில்லைநாதன் வாத்தியார் கையில் கொடுத்துவிடுகிறேன். அவர் மகள் வீட்டுக்கு வருகிறார். ரின்னைத் திருப்பி அனுப்பு, அது செல்வநாயகியுடையது.

மேற்குப் பக்கக் கூரை ஒழுகுகிறது. தைக்குப் பிறகுதான் வேய வேண்டும்.

மருதனார்மடம் சந்தையில் ஒரு கதை கேள்விப்பட்டேன். இராசாத்தி அப்பீல் விஷயமாகக் கொழும்புக்கு வந்து, நாலு நாள் உன் வீட்டில்தான் நின்றாளாம். நீ எனக்கு எழுதவில்லை.

கனகாம்பிகை


(பதிவுத் தபால்)

வெள்ளவத்தை,
02.01.1968

அன்புள்ள அக்காவுக்கு,

பணியாரம் வந்தது. ரின்னை வாத்தியாரிடமே கொடுத்துவிட்டேன். புதுவருடத்தில் நீங்கள் நோயின்றி இருக்க வேண்டும்.

இராசாத்தி நின்றது உண்மை. எழுதாதது என் பிழை. கார்த்திகையில் ஒரு விடியற்காலை மெயில் றெயினில் வந்து இறங்கி, விலாசத்தை விசாரித்துக்கொண்டு வாசலில் வந்து நின்றாள். கொழும்பில் அவளுக்கு வேறு ஆரையும் தெரியாது. சாட்சி சொன்னவளின் தங்கை வீட்டுக்கு வர எப்படி மனம் வந்தது என்று நான் கேட்கவில்லை. அவளே சொன்னாள்: "உங்கடை அக்கா பொய் சொல்லுற ஆள் இல்லை. அதுதான் எனக்குப் பயமாயிருக்கு."

அப்பீலை எடுத்திருக்கும் அப்புக்காத்து சிமியோனிடம் அவளைக் கூட்டிப் போனேன். அவர் வழக்குக் கடதாசிக் கட்டைப் புரட்டிவிட்டு, வழக்கு முழுக்க ஒரு பெண்ணின் கண்ணில் நிற்கிறது என்றார். அந்தப் பெண் எனக்கு ஆர் என்று அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

அன்று மாலை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது இராசாத்தி வேறு ஏதோ கதையில் இதைச் சொன்னாள். முரசுமோட்டையில் ஏரம்புவின் சித்தப்பா ஒருவர் இருந்தார். பிள்ளை இல்லாதவர். அந்த மாசியில் அவர் செத்துப் போக, ஏரம்புதான் போய்க் கொள்ளி வைத்தான். புதன்கிழமை மைம்மல் இருட்டில் திரும்பி வந்தான். கொள்ளி வைத்தவன் எப்படி வருவான் என்று உங்களுக்குத் தெரியும். "தலையும் மொட்டை, மீசையும் இல்லை. சின்னவள் தேப்பனைக் கண்டு பயந்து குழறி என்ரை சீலைக்குள்ளை பூந்திட்டாள். மனுசன் செத்தவீட்டுத் துடக்கெண்டு அடுத்த நாள் தோட்டத்துக்கும் வெளிக்கிடேல்லை" என்றாள். நாலு வயதுப் பிள்ளை, பெற்ற தகப்பனை, விளக்கு வெளிச்சத்தில், இரண்டு முழத்தில் வைத்து அடையாளம் காணவில்லை.

வியாழன் மத்தியானம் அவனைக் கொண்டுபோய் அடைத்துவிட்டார்கள். அந்த ஒரு இரவுக்குள் ஊரில் ஆரும் அவனைக் காணவில்லை. கோட்டுக்கு வரும்போது மீசை பழையபடி வளர்ந்துவிட்டது. நீங்கள் இன்ஸ்பெக்டருக்கும் நீதவானுக்கும் முகம் என்றுதான் சொன்னீர்கள். மீசை என்று சொன்னது எனக்கு மட்டும்தான்.

நீங்கள் பொய் சொன்னதாக நான் ஒரு கணமும் நினைக்கவில்லை. தோளைக் கண்டீர்கள். மிச்சத்தைப் பத்து வருடப் பழக்கம் போட்டு நிரப்பிவிட்டது. ஏரம்பு குற்றமற்றவன் என்றும் நான் சொல்லவில்லை, அது எனக்குத் தெரியாது. நனைந்து தொங்கிய மீசை அன்று அந்த ஒழுங்கையில் அவன் முகத்தில் இருக்கவில்லை. எனக்குத் தெரிந்தது அவ்வளவும்தான்.

போன மாசி இருபதாம் தேதி நீங்கள் எழுதிய கடிதத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். அது உங்களுடையது. நகல் எடுக்கவில்லை. சிமியோனிடம் காட்டவுமில்லை.

அன்புடன்,
பத்மாசினி


(தபாலட்டை)

வெள்ளவத்தை,
05.02.1968

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். உங்கள் சுகம் ஒரு மாதமாகத் தெரியவில்லை. கூரை வேய்ந்தாயிற்றா? கன்று பால் குடிக்கிறதா? இங்கே விசாரணைக்கு மார்ச் நாலாம் தேதி குறித்திருக்கிறார்கள். ஒரு வரி எழுதுங்கள்.

பத்மாசினி


கோப்பாய் தெற்கு,
17.02.1968

அன்புத் தங்கைக்கு,

எனக்குச் சுகமில்லை என்று சொல்ல முடியாது. இருந்து முழுவதையும் எழுதுகிறேன்.

உன் பதிவுத் தபாலைக் கையெழுத்து வைத்து வாங்கி, அலுமாரியில் சீலைகளுக்குக் கீழே வைத்தேன். உடைக்கவில்லை. மார்கழியில் நீ கேட்ட கேள்வியிலேயே எனக்குப் பாதி விளங்கிவிட்டது. மிச்சப் பாதியை அறிய விருப்பமில்லை. செல்வநாயகி ஒவ்வொரு நாளும் வந்து கையைப் பிடிக்கிறாள். நான் எதை உடைப்பது?

போன திங்கட்கிழமை காலை ஆறரைக்குப் பூ ஆய நின்றேன். போன வருடத்தைப் போலவே பனி. கிணற்றுப் பக்கமிருந்து ஏரம்பு வந்தான்.

நான் சொல்வதைக் கவனமாக வாசி. அவனைக் கண்டேன். தலையில் துவாய். இடத்தோள் இறங்கியது. மீசையும் தெரிந்தது, பத்மா. அவன் வெலிக்கடைச் சிறையில் இருக்கிறான் என்பது, அவன் என்னைக் கடந்த பிறகுதான் எனக்கு நினைவு வந்தது.

பூத்தட்டை வைத்துவிட்டுப் படலைக்கு ஓடினேன். போனது தம்பிராசா. ஏரம்புவின் தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்திருக்கிறாரே, அவர். அறுபது வயது. நரைத்த தலை. மீசையே இல்லாத மனுசன்.

அவரைக் கூப்பிட்டுத் திரும்ப அந்த ஒழுங்கையால் நடக்கச் சொன்னேன். நான் வேலிக்கரையில் போய் நின்றேன். இன்னொரு முறை நடக்கச் சொன்னேன். நாலு முறை நடந்தார். "என்ன பிள்ளை, எனக்குப் பொம்பிளை பாக்கிறியோ?" என்று பகிடி விட்டார். நான் சிரிக்கவில்லை என்று கண்டு மறுபடி நடந்தார். நாலு முறையும், நான் நிற்கிற செம்பரத்தைக்கு நேரே வரும்போது இடத்தோள் இறங்கியது. வெளியே போய்ப் பார்த்தேன். வாய்க்கால் ஒழுங்கையைக் கடக்கிற இடத்தில் மதகுக் கல் ஒன்று ஒரு பக்கம் தாழ்ந்து கிடக்கிறது. எப்போது தாழ்ந்தது என்று கேட்டேன். முந்தின மாரி வெள்ளத்தோடு, போன வருடம் பொங்கலுக்கு முதலே, என்றார். நான் சந்தைக்கும் கோயிலுக்கும் மற்றப் பக்கத்தால்தான் போகிறேன். என் வேலியிலிருந்து பத்தடியில் இருக்கிற கல்லை நான் கண்டதில்லை. இன்ஸ்பெக்டர் அதற்கு மேலால்தான் மோட்டார் சைக்கிளில் வந்தார்.

உள்ளே வந்து அலுமாரியைத் திறந்து உன் கடிதத்தை உடைத்து வாசித்தேன். பிறகு என்னுடையதை வாசித்தேன். வேறு ஆரோ எழுதியது போல இருந்தது.

புதன்கிழமை யாழ்ப்பாணம் போய், வழக்குக் கடதாசி எழுதுகிற பிறக்கிராசியார் பொன்னம்பலத்திடம் எல்லாவற்றையும் சொல்லிச் சத்தியக் கடதாசி முடித்துவிட்டேன். என் கடிதத்தையும் அதோடு வைத்தேன். "பொய்ச்சாட்சி சொன்னதெண்டு உங்களிலை வழக்கு வரலாம், யோசிச்சுப் பாருங்கோ" என்றார். யோசித்துத்தான் வந்தேன் என்றேன். அவர் அதை நேரே சிமியோனுக்கு அனுப்பியிருக்கிறார்.

செல்வநாயகிக்கு நானே சொன்னேன், கோட்டால் அறிய வேண்டாம் என்று. கையை எடுத்தாள். "அப்ப என்ரை மனுசனை வெட்டினவன் ஆர்?" என்றாள். அடுத்த நாள் பார்க்கிறேன், வேலிப் பொட்டை முள் அலம்பல் போட்டு அடைத்திருக்கிறாள்.

கனகாம்பிகை


வெள்ளவத்தை,
22.03.1968

அன்புள்ள அக்காவுக்கு,

நீங்கள் தனியாக இருப்பதை நினைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். பள்ளிக்கூடம் விட்டதும் வந்து ஒரு மாதம் நிற்பேன். மறுக்காதீர்கள்.

தீர்ப்பு நேற்று வந்தது. நான் பின் வரிசை வாங்கில் இருந்து கேட்டேன். மூன்று நீதியரசர்கள். சாட்சி சொன்னவர் பிறகு வந்து மாற்றிச் சொல்வதைத் தாங்கள் இலகுவில் ஏற்பதில்லை என்று முதலில் சொன்னார்கள். பிறகு, வழக்கு முழுவதும் ஒரே சாட்சியில் தங்கியிருக்கிறது, அவர் நின்ற இடத்தில் விசாரணை செய்த ஒருவரும் நின்று பார்க்கவில்லை, பெயரைச் சாட்சி சொல்வதற்கு முதல் பொலிசே கேள்வியில் வைத்துக் கொடுத்திருக்கிறது என்றார்கள். முரசுமோட்டையில் சவரம் செய்தவரிடமும் சிமியோன் சத்தியக் கடதாசி வாங்கியிருந்தார். இந்த நிலையில் ஒருவரைத் தூக்குக்கு அனுப்புவது பத்திரமல்ல என்று தண்டனையைத் தள்ளிவிட்டார்கள். குற்றமற்றவர் என்று அவர்கள் சொல்லவில்லை. உங்கள் மேல் நடவடிக்கை எடுக்கும்படியும் சொல்லவில்லை.

இராசாத்தி வெளியே படியில் இருந்து அழுதாள். நான் பக்கத்தில் நின்றேன். எனக்கு என்ன செய்வதென்று தெரியாது, உங்களுக்குத் தெரியும்தானே.

உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். நகல் எடுக்கவில்லை என்று எழுதியிருந்தேன். எடுத்தேன். உங்கள் கடிதத்தைத் தபாலில் போடுவதற்கு முதல் நாள், சொல்லுக்குச் சொல் பார்த்து எழுதினேன். சிமியோனுக்கு உங்கள் சத்தியக் கடதாசி வந்ததென்று அறியும் வரை அது என் கைப்பையில் இருந்தது. அன்று எரித்தேன். உங்கள் பதில் வராமலே இருந்திருந்தால் என்ன செய்திருப்பாய் என்று என்னைக் கேட்காதீர்கள்.

அன்புடன்,
பத்மாசினி


கோப்பாய் தெற்கு,
12.05.1968

அன்புத் தங்கைக்கு,

நீ வந்து நின்றுவிட்டுப் போன பிறகு வீடு பெரிதாகத் தெரிகிறது. உன் கண்ணாடிக் கூடு மேசை லாச்சியில் கிடந்தது, அனுப்புகிறேன். இரத்த அழுத்தம் பார்த்தேன், பரவாயில்லையாம்.

நகலைப் பற்றி நீ நின்ற ஒரு மாதமும் நான் கதைக்கவில்லை. கோபமில்லை. எடுக்காமல் விட்டிருந்தால்தான் எனக்கு உன்னில் ஐமிச்சம் வந்திருக்கும்.

நேற்றுப் பின்னேரம் ஏரம்பு வந்தான். குடும்பத்தோடு முரசுமோட்டைக்குப் போகிறார்களாம். சித்தப்பாவின் காணியைச் செய்யப் போகிறானாம். இந்த ஊரில் அவனை ஆரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. சந்தையில் சனம் அவனுக்கு ஒரு பக்கமும் எனக்கு ஒரு பக்கமும் விலகுகிறது. பொலிசும் வேறு ஆரையும் தேடுவதாகத் தெரியவில்லை. வழக்குக் கட்டைக் கட்டி மேலே வைத்துவிட்டார்கள் என்று பிறக்கிராசியார் சொன்னார்.

உள்ளே வரச் சொன்னேன். வரவில்லை. மெலிந்து போனான். படலைக்கு அந்தப் பக்கம் நின்றபடி, இராசாத்தி சொல்லிவிட்டதாகச் சில சுகசேதிகளைக் கேட்டான். நானும் பிள்ளையைக் கேட்டேன். போகத் திரும்பினவன் நின்றான்.

"அக்கா, ஒண்டு கேக்கவேணும். அண்டைக்கு நீங்கள் ஆரைக் கண்டனீங்கள்?"

குத்திக் கேட்கவில்லை. அறிய விரும்பிக் கேட்டான். பதின்மூன்று மாதம் அடைபட்டுக் கிடந்தவனுக்கு அதைக் கேட்க என்னைத் தவிர வேறு ஆள் இல்லை.

அந்தப் பனியை எவ்வளவோ நினைத்துப் பார்த்துவிட்டேன், பத்மா. ஒரு துவாயும் ஒரு தோளும். அதற்குக் கீழே முகத்தை வைக்கப் போனால் சிலவேளை தம்பிராசாவின் முகம் வருகிறது, சிலவேளை இன்ஸ்பெக்டருடையது. இவனுடையதும் வருகிறது.

"தெரியாது" என்றேன்.

தலையை ஆட்டிவிட்டுப் போனான்.

அந்தச் சொல் ஒன்றும் பெரிய சொல் இல்லை. அன்று விறாந்தையில் இன்ஸ்பெக்டரின் தேத்தண்ணி ஆறுவதற்குள் சொல்லி முடித்திருக்கலாம்.

வெங்காயம் பிடுங்கத் தொடங்கிவிட்டோம்.

கனகாம்பிகை